உலகங்களுக்கு நடுவேயுள்ள காட்டில் பெயர்ப்பலகை இன்மை: ஓர் ஆய்வு

சி. எஸ். லூயிஸ் 1955இல் வெளியிட்ட ‘தி மெஜீஷியன்ஸ் நெஃப்யூ’ என்னும் நார்னியா நாவலில் ஒரு காடு வருகிறது. பறவை கிடையாது, பூச்சி கிடையாது, இலை அசைவதில்லை. மரங்களுக்கு இடையே சின்னச் சின்னக் குட்டைகள்; ஒவ்வொன்றும் ஒவ்வோர் உலகத்துக்கு வாசல். நூலைக் கற்றோர் படைப்பு, பாவம், சோதனை என்று பெரிய பெரிய விஷயங்களையே அலசினார்கள். இத்தனை உலகங்கள் கூடுகிற ஜங்ஷனில் ஒரு போர்டுகூட ஏன் இல்லை என்ற வினா அனாதையாகக் கிடக்கிறது. அதற்கு ஆதரவளிப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஜங்ஷன் எனப்படுவது யாதெனின், தங்குவதற்கென்று யாரும் வராத இடம். இக்காடோ வந்தவரைத் தங்க வைக்கும் இயல்புடையது. அங்கே கரையேறும் சிறுவன் டிகோரிக்கும் சிறுமி பாலிக்கும் பிறந்ததிலிருந்து அங்கேயே இருப்பதுபோல் தோன்றுகிறது. எங்கிருந்து வந்தோம் என்பது மறந்துபோகிறது. விழுப்புரத்தில் இரவு இரண்டு மணிக்கு ரயில் மாறக் காத்திருப்பவரும் ஏறக்குறைய இந்நிலையை எய்துவதுண்டு. ஆனால் அவர் சட்டைப்பையில் டிக்கெட் இருக்கிறது. எடுத்துப் பார்த்தால் ஊர் ஞாபகம் வந்துவிடும்.

காட்டுப் பயணத்துக்கும் டிக்கெட் உண்டு. மஞ்சள் மோதிரம் காட்டுக்குள் இழுக்கும். பச்சை மோதிரம் காட்டிலிருந்து வெளியேற்றும். இவற்றைச் செய்தவர் டிகோரியின் தாய்மாமன் ஆண்ட்ரூ. அவரோ, மஞ்சள் போவதற்கு, பச்சை திரும்புவதற்கு என்று தப்பாகக் கணக்குப் போட்டு வைத்திருந்தார். தாம் ஒருமுறையும் போய்ப் பார்க்காமல் கினிப்பன்றிகளையும் பிள்ளைகளையும் அனுப்பினால் கணக்கு அப்படித்தான் இருக்கும். அவர் சொல்லை நம்பி மஞ்சள் மோதிரத்தோடு புதுக் குட்டையில் குதித்த பிள்ளைகளுக்குக் கால் நனைந்ததுதான் மிச்சம். ரூட்டு போடுகிறவர் அந்த பஸ்ஸில் ஏறுவதில்லை என்ற பொதுவிதிக்கு இதனினும் தெளிவான சான்று இலக்கியத்தில் அரிது.

இனி மையப் பிரச்சினை. எல்லாக் குட்டைகளும் ஒரே மாதிரி. டிகோரி அடுத்த உலகத்துக்குக் கிளம்பும் அவசரத்தில், தாங்கள் ஏறி வந்த குட்டைக்கு அடையாளம் வைக்காமலே நகரப் பார்க்கிறான். பாலி தடுக்கிறாள். இருவர் முகமும் வெளுத்துப் போகிறது. பிறகு அவன் பேனாக்கத்தியால் கரையோரப் புல்லை ஒரு பட்டையாகச் செதுக்கி எடுக்கிறான். நாவலில் சூனியக்காரி வருகிறாள், சிங்கம் பாடி உலகம் பிறக்கிறது. எனினும் நூலின் உச்சம் இந்தப் புல் செதுக்கிய இடமே என்பது என் துணிபு. அது தப்பியிருந்தால் பிள்ளைகள் லண்டனுக்குத் திரும்பியிருக்க முடியாது.

பலகை வைத்துவிட்டால் தீர்ந்ததா என்று ஒரு தடை எழுப்பலாம். நியாயமான தடைதான். 1997இல் வந்த முதல் ஹாரி பாட்டர் நாவலில், கிங்ஸ் கிராஸ் நிலையத்தின் 9, 10 ஆகிய பிளாட்பாரங்களுக்கு நடுவே மாய உலகத்துக்கு வழி இருக்கிறது. எண் எழுதிய பலகை அங்கே உண்டு. ஆனால் ஆசிரியை ரௌலிங், யூஸ்டன் நிலையத்தை மனதில் வைத்துக் குழம்பி எழுதிவிட்டதாகப் பின்னர் ஒப்புக்கொண்டார். படம் பிடித்ததோ 4, 5 பிளாட்பாரங்களுக்கு நடுவில். இப்போது சுவரில் பாதி புதைந்த தள்ளுவண்டி ஒன்றை வேறோர் இடத்தில் வைத்திருக்கிறார்கள். அதன் முன்னால் படம் எடுக்க வரிசை நிற்கிறது. ஆக, பலகை இருந்தும் வாசல் மூன்று இடத்தில்.

நானும் ஒருமுறை போர்டை மட்டும் நம்பி பஸ் ஏறி, போன டிரிப்பின் போர்டை மாற்றாமல் விட்டிருந்ததைப் பதினெட்டாவது கிலோமீட்டரில் அறிந்தவன். போர்டில் கொட்டை எழுத்தில் ஊர்ப்பெயர் இருந்தாலும், ‘அண்ணே, இது போகுமா?’ என்று கேட்டுவிட்டு ஏறுகிற நம் வழக்கத்தை அன்றுவரை கேலி செய்துகொண்டிருந்தேன்.

அந்தக் காட்டின் குறை இப்போது விளங்கும். அங்கே கேட்பதற்கு ஆள் இல்லை. நிரந்தரவாசி என்று சொல்லத்தக்கது, உடலில் நாடாவால் மஞ்சள் மோதிரம் கட்டி மாமா அனுப்பிய கினிப்பன்றி ஒன்றே. அதைப் பார்த்த பிறகே பிள்ளைகளுக்குப் பழைய நினைவு வருகிறது. அந்த அளவில் அது விசாரணை அலுவலகமாகப் பணியாற்றியிருக்கிறது. ஆனாலும் அழிந்துபோன சார்ன் உலகத்தின் குட்டை கடைசியில் வற்றி வெறும் புல் பள்ளமானபோது, இந்த ரூட்டு நின்றுவிட்டது என்று சொல்ல அதனால் ஆகாது.

எனவே காட்டை நிர்வகிப்போர்க்கு ஒரு விண்ணப்பம். போர்டு வேண்டாம். டீக்கடை ஒன்றுக்கு இடம் ஒதுக்குங்கள். எது எங்கே போகும், எது நின்றுபோனது என்பதைக் கடைக்காரர் சொல்லிவிடுவார். தண்ணீருக்கும் பஞ்சமில்லை. கையில் பச்சை மோதிரத்தோடு மொள்ளாமல் அவர் பார்த்துக்கொண்டால் சரி.