அண்டாவைக் காணோம்!

கேள்வி: பையன் பள்ளி வேலைக்காகக் கணினியில் ஒரு மென்பொருள் போட்டான். திறந்தால் 'விசிரன்டைம்140.டிஎல்எல் காணவில்லை' என்கிறது. விண்டோஸையே அழித்துப் போடவேண்டும் என்கிறார் கடைக்காரர். போடட்டுமா ஐயா?
– ஒரு வாசகர், ஜாசின், மலாக்கா

பதில்: கடைக்காரருக்கும் குடும்பம் இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். அதற்காக விண்டோஸைப் பலி கொடுக்க வேண்டாம்.

தோட்டத்துக் கோயிலில் ஒரு பெரிய அண்டா இருக்குமே, நினைவிருக்கிறதா? கல்யாணமோ காதுகுத்தோ, லயத்தில் எந்த வீட்டு விசேஷத்துக்கும் அதுதான் வரும். டிஎல்எல்லும் அப்படிப் பல மென்பொருள்களுக்குப் பொதுவான கோப்பு. பையன் போட்டது, அண்டா இருக்கும் என்று நம்பி அரிசியோடு மட்டும் வந்துவிட்டது.

அந்தக் கோப்பு மைக்ரோசாப்ட்டின் 'விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' தொகுப்பில் இருக்கிறது. அவர்கள் தளத்திலேயே இலவசம். 32 பிட், 64 பிட் இரண்டையும் போடுங்கள். 32 பிட் மென்பொருளுக்கு 64 பிட் கோப்பு உதவாது. (64 பிட் விண்டோஸில் 'சிஸ்டம்32' கோப்புறைக்குள் இருப்பவை 64 பிட் கோப்புகள்! 32 பிட் கோப்புகள் குடியிருப்பது 'சிஸ்வாவ்64'இல். பெயர் வைத்த புண்ணியவானைத்தான் கேட்கவேண்டும்.)

'ஒற்றை டிஎல்எல் இலவசம்' என்று கூவும் தளங்கள் பக்கம் தலைவைத்தும் படுக்காதீர்கள். கூடவே வைரஸும் இலவசமாக வரலாம்.

அப்படியும் மசியவில்லையா? மென்பொருளை நீக்கிவிட்டு மறுபடி போடுங்கள். விண்டோஸின் சொந்தக் கோப்பே கெட்டிருந்தால், கமாண்ட் பிராம்ப்ட்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து 'எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ்' கட்டளையைக் கொடுங்கள். அது ஓடி முடிவதற்குள் நீங்கள் பசியாறிவிட்டு வந்துவிடலாம்.