தொடக்கத்திரைப் பிள்ளையார்: முரசுமோட்டை நோக்கில் ஓர் ஆய்வு

பரந்தனிலிருந்து முல்லைத்தீவுக்குப் போகும் ஏ35 வீதியில், வயல்களுக்கு நடுவே இருக்கிறது முரசுமோட்டை. கணினி உயிர்பெறும்போது தெரியும் தொடக்கத்திரையில் சொந்தப் படம் போடும் கலையை ஆராய இதைவிடத் தகுந்த களம் இல்லை என்பது எமது துணிபு. அக்கலையின் புரவலர் மின்வெட்டு. கணினி அணையாத ஊரில் தொடக்கத்திரையை யார் பார்ப்பது?

மூலப்பனுவல் விண்டோஸ் 98. சீ டிரைவில் லோகோ.சிஸ் என்ற பெயரில் ஒரு பிட்மேப் படத்தை வைத்தால் போதும். மைக்ரோசொஃப்ற்றின் மேகங்கள் ஒதுங்கி வழிவிடும். அளவுதான் விசித்திரம்: அகலம் 320 புள்ளி, உயரம் 400, வண்ணம் 256. திரைக்கு வரும்போது அகலம் இரட்டிக்கும். ஆகவே படத்தைப் பக்கவாட்டில் ஒடுக்கிச் சேமிக்க வேண்டும். ஒடுக்காமல் வெட்டிப் போட்டால் முருகன் பிள்ளையாராகிவிடுவார். பிள்ளையாரோ பிள்ளையாராகவே இருப்பார். தொடக்கத்திரைக்கு உகந்தவர் அவரே என்று நாம் நிறுவுவது பக்தியால் அன்று, கணிதத்தால்.

2001இல் விண்டோஸ் எக்ஸ்பி வந்தது. படத்தை இயங்குதளத்தின் கருக்கோப்புக்குள் புதைத்து, வண்ணத்தையும் 16 ஆக்கிவிட்டார்கள். தோண்டுவதில் பிசகினால் கணினியே எழும்பாது. இதனை இருண்டகாலம் எனக் கொண்டு கடப்போம்.

மறுமலர்ச்சி லினக்ஸில். 2008இல் ஃபெடோரா 10உடன், தொடக்கத்திரையை வரையும் பிளைமவுத் வந்தது. 2010இல் உபுண்டுவும் ஏற்றுக்கொண்டது. படம், எழுத்து, அசைவு எல்லாம் நம் கையில். ஆனால் படத்தை மாற்றிவிட்டுச் சும்மா இருந்தால் பழையதே வந்து முழிக்கும்; முதலில் ஏறும் இனிட்ராம்எஃப்எஸ் தொகுதியை மறுபடி கட்ட வேண்டும். தமிழ் எழுத்துரு அதற்குள் இல்லையென்றால் 'வணக்கம்' கட்டம் கட்டமாக வரும். எழுத்தையும் படமாக்கிப் போட்டவரே கெட்டிக்காரர்.

இத்தனை மினக்கெட்டும், வேகமான எஸ்எஸ்டி வட்டு பூட்டிய கணினியில் தரிசனம் சில விநாடிதான். லாண்ட்மாஸ்டர் உழவு இயந்திரத்தின் நெற்றியில் சாமிப் படம் ஒட்டியவர் நாள் முழுக்க ஊருக்குக் காட்டிக்கொண்டு போகிறார். தொடக்கத்திரைக்காரர் கண் சிமிட்டினால் போச்சு. எனவே எமது விதி: படத்தின் ஆயுள் வட்டின் வேகத்துக்கு எதிர்விகிதம், மின்வெட்டுகளின் எண்ணிக்கைக்கு நேர்விகிதம். எண்ணிக்கை என்பதைக் கவனிக்க. 2022 மார்ச் இறுதியில் நாடு முழுக்க வந்த 13 மணிநேர வெட்டு கலைக்கு உதவாது. எவ்வளவு நீண்டாலும் ஒரு வெட்டுக்குப் பிறகு கணினி ஒரு தரம்தான் எழும்பும். வந்து வந்து போகும் மின்சாரமே பொற்காலம்.

விண்டோஸ் 98இன் லோகோ.சிஸுக்குத் தம்பிமார் இருவர், லோகோடபிள்யூவும் லோகோஎஸ்ஸும். 'பொறுங்கள், அணைகிறது' என்பவர் மூத்தவர். 'இனிப் பாதுகாப்பாக அணைக்கலாம்' என்பவர் இளையவர். அவர்களையும் மாற்றலாம். மாற்றி மினக்கெட வேண்டாம் என்பதே எமது பரிந்துரை: மின்சாரம் தானாகப் போகிற ஊரில் அவ்விருவரும் திரைக்கு வருவது அபூர்வம்.