பங்கு போடாத வரிக்கு ஒரு பாராட்டு மடல்

அனுப்புநர்: பெட்ரோல் போடும் குடிமகன், தமிழ்நாடு.

பெறுநர்: வருவாய்த் துறை, ஒன்றிய நிதியமைச்சகம், புதுதில்லி.

பொருள்: செஸ் மற்றும் கூடுதல் வரிகளைப் பேணி வளர்த்து வருவதற்குப் பாராட்டுத் தெரிவித்தல், அதே முறையை எங்கள் வீட்டில் அமல்படுத்த வழிகாட்டுதல் கோருதல் தொடர்பாக.

பார்வை: அரசமைப்புச் சட்டப் பிரிவுகள் 270, 271. (பிரிவு 280-ஐத் தாங்கள் பார்க்க வேண்டியதில்லை. அது நிதிக்குழுவைப் பற்றியது.)

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

தங்கள் துறைக்கு வரும் தபாலில் பாதி புலம்பல், மீதி வசவு என்று கேள்விப்பட்டேன். ஒரு மாறுதலுக்காகப் பாராட்டி எழுதுகிறேன்.

ஐந்தாண்டுக்கு ஒருமுறை நிதிக்குழு என்று ஒன்று அமைக்கப்படுகிறது. அது மாநிலம் மாநிலமாகப் போகிறது. முதலமைச்சர்கள் பொன்னாடை போர்த்துகிறார்கள், கட்டுக்கட்டாக மனு கொடுக்கிறார்கள், கண்ணைக் கசக்குகிறார்கள். ஒய்.வி. ரெட்டி தலைமையிலான 14ஆவது குழு மனமிரங்கி, ஒன்றிய வரிகளில் மாநிலங்களின் பங்கை 32 விழுக்காட்டிலிருந்து 42 ஆக்கியது. அடுத்து வந்த என்.கே. சிங் குழு, ஜம்மு காஷ்மீர் மாநிலம் என்ற பட்டியலிலிருந்து இறங்கிவிட்டதால், அதற்காக ஒன்றைக் கழித்து 41 என்றது. நாடே 42-ஆ, 41-ஆ, 50 ஆக்கினால் என்ன என்று மல்லுக்கட்டிக்கொண்டிருந்தபோது தாங்கள் மட்டும் அமைதியாக இருந்தீர்கள். விழுக்காட்டை யார் வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளட்டும், எந்தத் தொகையில் விழுக்காடு என்பதை நாம் முடிவு செய்வோம் என்ற அந்தத் தெளிவுக்குத்தான் இந்த மடல்.

தெரியாதவர்களுக்காக ஒரு வரி சொல்லிவிடுகிறேன். 2000ஆம் ஆண்டின் 80ஆவது திருத்தத்துக்குப் பிறகு ஒன்றிய அரசின் எல்லா வரிகளும் மாநிலங்களோடு பங்கு போடும் பொதுப் பானைக்கு வந்துவிட்டன. செஸ்ஸும் கூடுதல் வரியும் வரவில்லை. அவற்றைப் பங்கு போடத் தேவையில்லை. 2011-12இல் ஒன்றியத்தின் மொத்த வரி வசூலில் சுமார் பத்தில் ஒரு பங்காக இருந்த இவை, 2020-21இல் சுமார் ஐந்தில் ஒரு பங்கு ஆயின. பத்தே ஆண்டுகளில் இப்படி ஒரு வளர்ச்சி நாட்டில் வேறு எந்தத் துறையிலும் உண்டா என்று தெரியவில்லை.

தங்கள் கைவேலைகளில் என்னை மிகவும் கவர்ந்தது 2021 பிப்ரவரி 1 அன்று நடந்தது. அதற்கு முன்பு ஒரு லிட்டர் பெட்ரோலுக்கு ஒன்றியக் கலால் வரி 32 ரூபாய் 98 காசு. அன்றைய பட்ஜெட்டில் வேளாண் கட்டமைப்பு செஸ் என்று இரண்டரை ரூபாய் புதிதாக ஏறியது. பங்க்கில் விலை ஏறியதா? இல்லை. ஏனென்றால் அதே மூச்சில் அடிப்படைக் கலால் வரியை 2.98-லிருந்து 1.40-க்கு இறக்கினீர்கள். சிறப்புக் கூடுதல் வரியையும் ஒரு ரூபாய் குறைத்தீர்கள். மொத்தம் 32.90. வண்டிக்காரருக்கு லாபம் எட்டுக் காசு. யாரும் முகம் சுளிக்கவில்லை, தலைப்புச் செய்தியில் விவசாயி சிரித்தார். மாநிலங்களோடு பங்கு போட வேண்டிய பகுதி மட்டும் சத்தமில்லாமல் பாதிக்கும் கீழே போய்விட்டது.

அந்த 32.90-ஐ நான் பிரித்துப் பார்த்தேன். சாலை மற்றும் கட்டமைப்பு செஸ் 18 ரூபாய், சிறப்புக் கூடுதல் 11, வேளாண் செஸ் 2.50. இவை மூன்றும் தங்களுடையவை. மீதி ஒரு ரூபாய் நாற்பது காசுதான் பானைக்கு வந்தது. அதில் 41 விழுக்காடு, அதாவது 57.4 காசு, 28 மாநிலங்களுக்கும் சேர்த்து. அதில் தமிழ்நாட்டின் பங்கு 4.079 விழுக்காடு. கணக்குப் போட்டால் லிட்டருக்கு 2.34 பைசா. 25 பைசா வரையிலான நாணயங்கள் 2011 ஜூனோடு செல்லாமல் போய்விட்டதால், இதைச் சில்லறையாகக் கொடுக்கக்கூட வழியில்லாமல் தாங்கள் எவ்வளவு தவித்திருப்பீர்கள் என்று நினைத்தால் பாவமாக இருக்கிறது.

இங்கே எங்கள் ஊர்க்காரர்கள் சிலருக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஒன்பதாவது நிதிக்குழுவில் 7.931 ஆக இருந்த தமிழ்நாட்டின் பங்கு 4.079-க்கு இறங்கியதும் அவர்கள் பீகாரையும் உத்தரப் பிரதேசத்தையும் பார்த்துப் பல்லைக் கடிக்கிறார்கள். மக்கள்தொகையைக் கட்டுப்படுத்தியவனுக்கு இதுதான் பரிசா என்ற கேள்வியில் நியாயம் உண்டு. ஏழை மாநிலத்துக்குக் கூடுதலாகப் போக வேண்டும் என்பதிலும் நியாயம் உண்டு. ஆனால் அந்த லிட்டரில் பீகாருக்குப் போனது 5.77 பைசா, உத்தரப் பிரதேசத்துக்குப் போனது 10.3 பைசா. யாருக்கு எவ்வளவு என்று 28 பேரும் அடித்துக்கொண்டது அரை ரூபாய்ச் சொச்சத்துக்கு. 32 ரூபாயைச் சுமந்துகொண்டு போனவர் மண்டபத்திலேயே இல்லை.

இப்போது என் கோரிக்கைக்கு வருகிறேன். எங்கள் பூர்வீக வீட்டின் முன்கட்டில் ஒரு மருந்துக்கடை இருக்கிறது. மாத வாடகை 15,000. வாடகையில் எனக்கும் தம்பிக்கும் சரிபாதி என்று அப்பா உயில் எழுதிவிட்டுப் போய்விட்டார். உயிலைத் திருத்த முடியாது. ஆகவே தங்கள் வழியில், வரும் தை முதல் வாடகை 640 ரூபாய் என்று அறிவிக்கலாம் என்றிருக்கிறேன். மீதி 14,360 ரூபாய், வெள்ளையடிப்பு செஸ், கிணறு தூர்வாரும் செஸ், மூத்தவன் சிறப்புக் கூடுதல் என்று மூன்று இனங்களில் என்னிடம் வரும். கடைக்காரருக்குப் பைசா வித்தியாசம் கிடையாது. தம்பிக்கு 320. "என்னண்ணே இது அநியாயம்?" என்று வந்து நின்றால், "உன் பங்கில் கை வைத்தேனாடா? இன்றைக்கும் சரிபாதிதானே?" என்று கேட்பேன். அவன் விடமாட்டான். "நம்ம வீட்டில் கிணறே இல்லையே?" என்பான்.

அதற்கும் தங்களிடமே முன்மாதிரி இருக்கிறது. இடைநிலை, உயர்கல்விக்காக ஒரு விழுக்காடு செஸ் 2007-இல் வந்தது. அந்தப் பணத்தைப் போட்டுவைப்பதற்கான நிதியம், மாத்யமிக் அவுர் உச்சதர் சிக்ஷா கோஷ் என்ற மூச்சுமுட்டும் பெயரோடு, 2017-இல்தான் அமைச்சரவை ஒப்புதல் பெற்றது. செஸ் பிறந்தபோது ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த பிள்ளை, நிதியம் பிறந்தபோது பத்தாம் வகுப்பை முடித்திருக்கும். 2017-18 வரை அந்த வகையில் வசூலான 94,036 கோடி ரூபாய் அந்த நிதியத்துக்கு மாற்றப்படவில்லை என்று தலைமைக் கணக்குத் தணிக்கையாளரான சிஏஜி எழுதினார். 2018-19-இல் 35 வகைச் செஸ் முதலியவற்றில் வசூலானது 2,74,592 கோடி, உரிய நிதியங்களுக்குப் போனது 1,64,322 கோடி என்றும் அவரே எழுதினார். செஸ் என்றால் சொன்ன காரியத்துக்கு மட்டுமே செலவழிக்க வேண்டிய பணம், அதனால்தான் பங்கு கிடையாது என்பது சட்டத்தின் தர்க்கம். பங்கு கிடையாது என்ற பாதியைத் தாங்கள் அட்சரம் பிசகாமல் பின்பற்றுகிறீர்கள்.

அந்தப் பணமெல்லாம் மாநிலங்களுக்குத்தானே திட்டங்களாகத் திரும்பி வருகிறது என்று தங்கள் தரப்பில் சொல்வீர்கள். வருகிறது, மறுக்கவில்லை. பிரதமர் பெயரில் வருகிறது, நூறில் நாற்பதை மாநிலமும் போடவேண்டும் என்ற நிபந்தனையோடு வருகிறது. நிபந்தனைக்குக் கையெழுத்துப் போடாவிட்டால் வராமலும் இருக்கிறது. பிஎம் ஸ்ரீ பள்ளி ஒப்பந்தத்தில் கையெழுத்திடாததால் 2024-25க்கான சமக்ர சிக்ஷா பள்ளிக் கல்வித் திட்டத் தொகை 2,152 கோடி நின்றுபோய், தமிழ்நாடு உச்ச நீதிமன்றப் படியேறியது. எங்கள் ஊரில் வருமான வரி கட்டும் சம்பளக்காரர் ஒவ்வொருவரும் அந்த வரியின் மேல் நான்கு விழுக்காடு சுகாதார, கல்வி செஸ் கட்டுகிறார். அதற்கு அவரிடம் எந்த ஒப்பந்தமும் கேட்பதில்லை.

சலுகை கொடுப்பதில் தங்கள் தாராளத்தையும் சொல்லாமல் விடக்கூடாது. 2019 செப்டம்பரில் கம்பெனி வரியை 30-லிருந்து 22 விழுக்காடாகக் குறைத்தீர்கள். ஆண்டுக்கு 1.45 லட்சம் கோடி போகும் என்று தாங்களே சொன்னீர்கள். அது பானையில் இருந்த வரி. அப்போது நடப்பிலிருந்த 42 விழுக்காட்டுக் கணக்கில், அந்த இழப்பில் ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கை மாநிலங்கள் சுமந்தன. மொய் எழுதியது எல்லோரும், பந்தியில் பெயர் வாசித்தது ஒருவருக்கு. நேர்மையாகச் சொன்னால், 2021 நவம்பரிலும் 2022 மே மாதத்திலும் பெட்ரோல் வரியைக் குறைத்தபோது தங்கள் சாலை செஸ்ஸிலிருந்துதான் குறைத்தீர்கள். பானையில் குறைக்க ஒரு ரூபாய் நாற்பது காசுக்கு மேல் எதுவும் மிச்சமில்லை என்பது வேறு விஷயம்.

செஸ் குடும்பத்தில் மாநிலங்களுக்கென்றே பிறந்த பிள்ளை ஒன்று இருந்தது. அது ஜிஎஸ்டி இழப்பீட்டு செஸ். 2017 ஜூலையில் மாநிலங்கள் தங்கள் விற்பனை வரி அதிகாரத்தின் பெரும்பகுதியைக் கையளித்தபோது, ஐந்தாண்டுக்கு ஆண்டுதோறும் 14 விழுக்காடு வளர்ச்சிக்கு உத்தரவாதம் என்றீர்கள். மூன்றாம் ஆண்டு முடிவதற்குள் கொரோனா வந்தது. 2020 ஆகஸ்டில், இது கடவுளின் செயல், வேண்டுமானால் மாநிலங்களே கடன் வாங்கிக்கொள்ளட்டும் என்றார் நிதியமைச்சர். கடவுளின் பெயரில் கடன் பத்திரம் எழுத முடியாது என்பதால், கூச்சலுக்குப் பிறகு தாங்களே வாங்கிக் கொடுத்தீர்கள். இரண்டு ஆண்டுகளில் 1.1 லட்சம் கோடியும் 1.59 லட்சம் கோடியும். அதை அடைக்க அந்த செஸ்ஸின் ஆயுள் 2026 மார்ச் வரை நீட்டிக்கப்பட்டது. கடவுளின் செயலுக்கு ஜனங்கள் தவணை கட்டினார்கள்.

ஜிஎஸ்டி மன்றத்தில் மாநிலங்களுக்கு மூன்றில் இரண்டு பங்கு வாக்கு இருக்கிறதே என்று தாங்கள் நினைவூட்டலாம். தீர்மானம் நிறைவேற நான்கில் மூன்று பங்கு வேண்டும் என்பதால், எல்லா மாநிலங்களும் ஒரே குரலில் கத்தினாலும் தாங்கள் கை தூக்காமல் எதுவும் நகராது. இதை அமைத்த மூளைக்குத் தனியாக ஒரு மடல் எழுத வேண்டும்.

ஆகவே தாங்கள் அருள்கூர்ந்து எனக்கு மேற்படி வாடகைத் திட்டத்துக்கு வழிகாட்டுதல் அனுப்புமாறு கேட்டுக்கொள்கிறேன். அது தங்கள் மனசாட்சிக்கு ஒவ்வாது என்றால், மாற்றாக இதைச் செய்யலாம்: எந்தச் செஸ்ஸும் கூடுதல் வரியும் ஐந்தாண்டைத் தாண்டி உயிரோடிருந்தால், அது தானாகவே வரியாகி எல்லா மாநிலங்களின் பங்குக்கும் வரும் என்று பிரிவு 270-இல் ஒரே ஒரு வாக்கியம் சேர்த்துவிடுங்கள். தம்பியிடம் நான் வாயைத் திறக்க மாட்டேன்.

இப்படிக்கு,
2.34 பைசா பெற்றுக்கொண்ட மாநிலத்தின் குடிமகன்.

நகல்: தமிழ்நாடு அரசு, தலைமைச் செயலகம், சென்னை-9. தில்லியிடம் மாநில உரிமை கேட்கும் தாங்கள், 2025 ஜனவரியில் பதவிக்காலம் முடிந்த 28 மாவட்டங்களின் ஊராட்சிகளைத் தேர்தல் நடத்தாமல் தனி அலுவலர்களிடம் ஒப்படைத்தீர்கள். ஊராட்சித் தலைவர்கள் இதே போன்ற ஒரு மடலைத் தங்களுக்கு எழுதுவதற்கு முன் அதையும் கவனிக்கவும்.