வாடைக்கு முன் ஒரு துறைமுகம்

கேள்வி: போரில் வெல்வது துணிவா, வியூகமா, தலைமையா? – ஒரு வாசகி, மூதூர்

பதில்: உங்கள் கொட்டியாரக் குடாவின் அக்கரையிலேயே விடை இருக்கிறது. அந்தக் காலத்தில் வாடைக்காற்று கிளம்பினால் சோழமண்டலக் கரையில் போர்க்கப்பல் ஒதுங்க இடமிருக்கவில்லை; அக்கரையிலுள்ள திருகோணமலையில்தான் ஒதுங்கலாம். திருகோணமலை யார் கையிலோ, வங்கக் கடலும் அவர் கையில் என்றிருந்தது. 1782 ஜனவரியில் ஆங்கிலேயர் அதை ஒல்லாந்தரிடமிருந்து பறித்தார்கள். அவர்களோடு போரிட்ட பிரெஞ்சுத் தளபதி சஃப்ரனுக்கோ இந்தப் பக்கம் சொந்தமாக ஒரு நல்ல துறைமுகம்கூட இல்லை. கடலூரில் கிடைத்ததைக் கொண்டு கப்பல்களைச் செப்பனிட்டவர், ஆகஸ்டு கடைசியில் திருகோணமலையில் படையை இறக்கிச் சில நாள்களில் கோட்டைகளைப் பிடித்துவிட்டார். செப்டம்பர் 2 அன்று வந்து சேர்ந்த ஆங்கிலத் தளபதி ஹியூஸ் கண்டது பிரெஞ்சுக் கொடியை! துணிவுக்கும் வியூகத்துக்கும் இதில் குறையே இல்லை.

மறுநாள்தான் சறுக்கல். சஃப்ரனிடம் 14 போர்க்கப்பல்கள், ஹியூஸிடம் 12. ஆனால் வரிசை ஒழுங்காகும் முன்பே சண்டை மூண்டது. சஃப்ரனின் கப்பல்கள் பல தூரத்திலேயே நின்றன. தலைமைக் கப்பலின் பெரிய பாய்மரம் முறிந்தது. கப்பல் தலைவர்கள் சிலர் பிறகு பதவி விலகிப் போனார்கள். குற்றம் அவர்கள் மீது மட்டுமல்ல. தன் மனத்தில் இருந்த திட்டத்தை அவர்கள் மனத்திலும் பதிய வைக்காதது சஃப்ரனின் தலைமையில் இருந்த குறை என்றே நான் கருதுகிறேன். அதனால் கோட்டையை வென்றவருக்குக் கடலில் முழு வெற்றி கிட்டவில்லை.

கோணேசர் கோயிலுக்குப் போகும் வழி அந்தக் கோட்டைகளில் ஒன்றுக்குள்தான். அடுத்த முறை பிள்ளைகளோடு போகும்போது இந்தக் கதையைச் சொல்லுங்கள்.