ஆட்டம் முடிந்த பின் புள்ளிக் கணக்கு

திறன் புள்ளி மறுபங்கீடு என்பது, ரோல் பிளேயிங் வகை வீடியோ கேமில் ஒரு பாத்திரத்துக்காக ஏற்கெனவே செலவழித்த புள்ளிகளை எல்லாம் திரும்பப் பெற்று, வேறு திறன்களின் மேல் போடுவது. ஆடுபவர்கள் இதை 'ரீஸ்பெக்' என்பார்கள். ஆட்டத்தின் நடுவில் செய்தால் இதற்கு உத்தி என்று பெயர். கடைசி அரக்கன் செத்து, உலகம் காப்பாற்றப்பட்டு, கேமைத் தயாரித்தவர்களின் பெயர்கள் திரையில் ஓடி முடிந்த பிறகு செய்தால், அதற்கு வீட்டார் வைக்கும் பெயர்கள் அச்சேறத் தக்கவை அல்ல. இங்கே விளக்கப்படுவது இந்த இரண்டாம் வகை.

புள்ளிகளுக்கு முன் பகடை இருந்தது. 1974இல் கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னசனும் வெளியிட்ட 'டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்' மேசை விளையாட்டில் வலிமை, அறிவு, ஞானம் உள்ளிட்ட ஆறு குணங்களும் மும்மூன்று பகடைகளை உருட்டி முடிவாயின. பாத்திரம் சோப்ளாங்கியாக அமைந்தால் பழி பகடையின் மேல் விழுந்தது. பிறகு வந்த கேம்கள் புள்ளிகளை ஆடுபவரின் கையிலேயே கொடுத்து, விருப்பம் போலச் செலவழிக்கச் சொல்லின. சுதந்திரம் வந்தது, பழி போட ஆள் இல்லாமல் போயிற்று. மறுபங்கீட்டின் தேவை இந்த இடத்தில் பிறக்கிறது.

தேவையின் அளவை அறிய 2000ஆம் ஆண்டு வெளியான 'டயாப்லோ 2' போதும். அதில் ஒரு பாத்திரத்துக்கு 30 திறன்கள். ஒவ்வொன்றிலும் 20 புள்ளி வரை போடலாம். ஆக 600 புள்ளிக்கு இடம் உண்டு. கிடைப்பதோ, 99ஆம் நிலை வரை ஏறினால் 98, இடையில் கொடுக்கப்படும் வேலைகளை முடித்தால் 12, மொத்தம் 110. தேவை 600, வரவு 110 என்னும் நிலையில் யார் எப்படிச் செலவழித்தாலும் பின்னால் வருத்தம் நிச்சயம். அதிலும் பெரிய திறன்கள் 30ஆம் நிலையில்தான் திறக்கும். அதற்குள் கையில் வந்த புள்ளிகள், அன்றைக்குத் திறந்திருந்த சில்லறைத் திறன்களில் போய்ச் சேர்ந்திருக்கும்.

செலவழிக்கும் முறையை வைத்து ஆட்டக்காரர்களை மூன்று வகையாகப் பிரிக்கலாம். முதல் வகையினர் எந்தத் திறனும் மனம் நோகக் கூடாது என்று ஆளுக்கொரு புள்ளி கொடுப்பவர்கள். இவர்களுடைய பாத்திரத்துக்கு நெருப்பு, பனி, மின்னல் எல்லாம் தெரியும். எதிரிக்கு மட்டும் ஒன்றும் ஆகாது. இரண்டாம் வகையினர் ஒரே திறனில் எல்லாவற்றையும் கொட்டுபவர்கள். நெருப்புக்கு அசையாத எதிரி வரும் வரை இவர்களைக் கையில் பிடிக்க முடியாது. மூன்றாம் வகையினர் சேமிப்பவர்கள். பின்னால் உதவும் என்று 20 புள்ளிகளைத் தொடாமல் வைத்திருந்து, அந்த 20 புள்ளிகளோடு குகை வாசலில் உயிரை விடுவார்கள். மூன்று வகையினரும் ஆட்டம் முடிந்த பிறகு மறுபங்கீட்டுப் பக்கத்தில் ஒன்றாகச் சந்திக்கிறார்கள்.

இந்த வசதி ஒரு காலத்தில் கேட்டாலும் கிடைக்காது. 1988இல் ஜப்பானில் வந்த 'டிராகன் குவெஸ்ட் 3' அதை ஒரு கோயிலில் வைத்தது. 20ஆம் நிலையை எட்டியவர் அங்கே போய்த் தொழிலை மாற்றிக்கொள்ளலாம். கற்ற மந்திரங்கள் நிற்கும், உடல் திறன்கள் பாதியாகும், நிலை மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். 'டயாப்லோ 2' அந்தக் கருணையையும் காட்டவில்லை. தவறாகப் போட்ட புள்ளியைத் திருத்த வேண்டுமானால் புதுப் பாத்திரம் ஒன்றைப் பிறப்பித்து முதல் நிலையிலிருந்து வளர்க்க வேண்டும். ஏறத்தாழ பத்து ஆண்டுகள் இப்படியே கழிந்தன. 2010இல் வந்த 1.13 திருத்தத்தில்தான் அகாரா என்னும் மூதாட்டிக்கு மனம் இளகியது. ஆட்டத்தின் மூன்று கடினநிலைகளில் நிலைக்கு ஒரு தடவையாக மூன்று தடவை புள்ளிகளைத் திருப்பித் தருவாள். நான்காம் தடவை வேண்டுமானால் பெரிய அரக்கர்களை அடித்து நான்கு வகைச் சாரங்களைச் சேகரித்துக்கொண்டு வர வேண்டும்.

2004இல் தொடங்கிய 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' மனம் மாறுவோர் மேல் ஏறுமுக வரி போட்டது. முதல் தடவை 1 பொன், அடுத்தது 5, அதன் பின் தடவைக்கு ஐந்தாகக் கூடி 50இல் போய் நின்றது. 2015இல் வந்த 'தி விட்சர் 3' ஒரு மருந்துக் குப்பியை 1000 காசுக்கு விற்றது. குடித்தால் கற்றது எல்லாம் மறந்துபோகும். 2023இல் வந்த 'பால்டர்ஸ் கேட் 3' விலையை 100 பொன்னுக்கு இறக்கியது. பணத்தை வாங்கிக்கொள்ளும் விதர்ஸ் என்னும் எலும்புக்கூட்டு முனிவரின் பையிலிருந்தே அதைத் திருடிக்கொள்ளவும் முடியும். இந்தத் துறையில் இதுவரை கண்டறியப்பட்ட ஒரே சிக்கன நடவடிக்கை அது.

இவற்றுள் ஆட்டம் முடிந்தவர்களை மனத்தில் வைத்தே செய்தது போன்றது 'ஸ்கைரிம்'. 2011இல் வெளியான இந்த கேமுக்கு அடுத்த ஆண்டு வந்த 'டிராகன்பார்ன்' இணைப்பில், முக்கிய எதிரியைக் கொன்று கதையை முடித்த பிறகுதான் மறுபங்கீட்டு வசதி திறக்கும். கட்டணம், ஒரே துறைத் திறன்கள் கிளைவிடும் ஒரு திறன் மரத்துக்கு ஒரு டிராகனின் ஆன்மா. சண்டை இருந்தவரை கிடைக்காத வசதி, சண்டை போட ஆள் இல்லாதபோது கிடைக்கிறது. 2022இல் வந்த 'எல்டன் ரிங்' ஒரு படி மேலே போனது. அங்கே புள்ளிகளைத் திருப்பித் தருபவள் ரென்னலா. அவளைச் சண்டையில் தோற்கடித்த பிறகு அவளிடமே போய்க் கேட்க வேண்டும். அவளும் பழைய பகையை மனத்தில் வைத்துக்கொள்வதில்லை.

திருவண்ணாமலை மாவட்டத்தில், செய்யாறுக்கும் காஞ்சிபுரத்துக்கும் இடையே உள்ள வெம்பாக்கம் போன்ற பட்டுத்தறி ஊருக்கு இந்தக் கலை வந்து சேர்ந்ததில் அரசுக்கும் பங்கு உண்டு. 2011 செப்டம்பரில் தமிழக அரசு தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டம் மாணவர்களின் படிப்புக்கானது. 'டயாப்லோ 2' ஓடுவதற்கு 233 மெகாஹெர்ட்ஸ் பென்டியமும் 32 எம்பி நினைவகமும் போதும் என்பது திட்டம் தீட்டியவர்களுக்கு யாரும் எடுத்துச் சொல்லாத செய்தி. 'எல்டன் ரிங்' அந்த மடிக்கணினியில் ஓடாது. ஆகவே அதன் புள்ளிக் கணக்கை யூடியூபில் பார்த்துப் பாடம் செய்து, தன்னிடம் இல்லாத கேமில் தான் வளர்க்காத பாத்திரத்துக்குப் புள்ளி பிரித்துக் கொடுப்பவர்களும் உண்டு. இவர்களே இத்துறையின் மூத்த அறிஞர்கள்.

செய்முறை ஏறக்குறைய எல்லா இடத்திலும் ஒன்றே. முதலில் ஆட்டத்தின் சேமிப்புக் கோப்பைப் படியெடுத்து 'ஃபைனல்' என்று பெயரிட வேண்டும். அதன் பக்கத்தில் 'ஃபைனல் 2', 'நிஜ ஃபைனல்' என்ற கோப்புகள் ஏற்கெனவே இருக்கும். பிறகு புள்ளிகளைத் திரும்பப் பெறுதல். 'டயாப்லோ 2'இன் 110 புள்ளிகளும் ஒரே நேரத்தில் கையில் நிற்கும் இந்தக் கணம்தான் முழுச் செயலிலும் இன்பமானது. அதனால் இது நீட்டிக்கப்படும். அடுத்து வருவது ஆராய்ச்சி. நோட்டில் கட்டம் போட்டு, எந்தத் திறன் எதற்குத் துணை, எத்தனையாவது புள்ளிக்கு மேல் பலன் குறையும் என்றெல்லாம் எழுதப்படும். பள்ளிக் கணக்கில் சதவீதத்தைக் கண்டு நடுங்கியவர் இங்கே இரண்டு தசம இடம் வரை சுத்தமாகப் போடுவார்.

கடைசிக் கட்டம் சோதனை. புதிய பங்கீடு நன்றாக இருக்கிறதா என்று பார்க்க எதிரி வேண்டும். பெரிய எதிரிகளைத் தேடிப் போகப் பொறுமை இராது. எனவே, நரகத்தையே வென்ற வீரர் முதல் முகாமுக்குத் திரும்பி வந்து, வாசலுக்கு வெளியே திரியும் ஒரு முள்ளெலியை 110 புள்ளிகளின் முழு பலத்தோடு தாக்குவார். அது ஒரே அடியில் சாகும். பழைய பங்கீட்டிலும் அது ஒரே அடியில்தான் செத்தது. எனவே சோதனை முடிவு தெளிவற்றது என்று அறிவிக்கப்பட்டு, புள்ளிகள் மறுபடி திரும்பப் பெறப்படும்.

தறி வீடுகளில் இந்தக் கட்டத்தில் ஒரு விசாரணை நடப்பது வழக்கம். மகன் மடிக்கணினியும் கையுமாக உட்கார்ந்திருப்பான்; தகப்பனார் தறிக்குழியிலிருந்து தலை நிமிர்த்துவார்.

"கெலிச்சிட்டேன்னு சொன்ன இல்ல? இன்னும் இன்னாடா நோண்டிக்கினு இருக்க?"

"பில்டு சரி பண்றேன்ப்பா."

"யார அடிக்க?"

"யாரும் இல்லப்பா. எல்லாம் செத்துட்டாங்க."

இதற்கு மேல் விசாரணை நகர்வதில்லை. ஆனால் எதை மாற்றலாம், எதை மாற்ற முடியாது என்று அந்தத் தகப்பனாரைக் கேட்டால் மகனைவிடத் தெளிவாகச் சொல்வார். சாயம் ஏற்றிய பாவைத் தறியில் பிணைத்த பிறகு நிறத்தை மாற்ற முடியாது. அந்தப் பாவுக்குரிய சேலைகள் முடியும் வரை அதுதான் நிறம். பார்டரின் அன்னமும் முந்தியின் மயிலும் அப்படி அல்ல. ஜக்கார்டு பெட்டியில் கோத்த அட்டைகளைக் கழற்றி வேறு அட்டைகளைக் கோத்தால் அன்னம் போய் யாளி வரும். வேலை அதிகம், கூலி தனி, ஆனாலும் நடக்கும். எலெக்ட்ரானிக் ஜக்கார்டு ஏறிய தறிகளில் அட்டைக்கும் வேலை இல்லை. டிசைன் பென்டிரைவில் வருகிறது. கேம்களிலும் கணக்கு இதேதான். புள்ளிகள் அட்டை, பாத்திரத்தின் பிறவி வகை பாவு. 'எல்டன் ரிங்'கில் எத்தனை தடவை ரென்னலாவிடம் போனாலும், தொடக்கத்தில் தேர்ந்தெடுத்த வகைக்குரிய அடிப்படைக் குணங்களுக்குக் கீழே ஒரு புள்ளியும் இறக்க முடியாது. 'சைபர்பங்க் 2077' கேமின் 2.0 திருத்தத்தில் சிறு திறன்களை எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம். உடல், அறிவு போன்ற மூல குணங்களை ஒரே ஒரு தடவைதான்.

அட்டை மாற்றும் கூலி இறங்க இறங்க டிசைன் மாற்றும் ஆசை ஏறும் என்பது இரண்டு தொழில்களுக்கும் பொது. மறுபங்கீட்டுக்குப் பத்து ஆண்டு காத்திருந்த காலத்தில், ஆட்டக்காரர்கள் கோணலான பாத்திரத்தையே வைத்துக்கொண்டு ஆடினார்கள். அந்தக் கோணலுக்கு ஏற்ற தந்திரங்களைக் கண்டுபிடித்தார்கள். பிறகு அதையே திட்டமிட்டுச் செய்ததாகப் பேசவும் பழகிக்கொண்டார்கள். கட்டணம் 100 பொன் ஆன பிறகு கோணல் பாத்திரங்கள் அருகிவிட்டன. எல்லாருடைய வீரர்களும் யூடியூபில் ஒருவர் சொன்ன அதே அளவில், அதே வாளோடு, அதே இடத்தில் சும்மா நிற்கிறார்கள்.

இந்தச் செயலுக்குச் சொல்லப்படும் நியாயங்களில் தர்க்கத்துக்கு ஒத்துவருவது ஒன்றுதான்: 'நியூ கேம் பிளஸ்'. 1995இல் வந்த 'க்ரோனோ டிரிகர்' பரப்பிய இந்த ஏற்பாட்டில், வென்ற பாத்திரத்தை அதன் பலத்தோடும் பொருள்களோடும் எடுத்துக்கொண்டு கதையை முதலிலிருந்து மறுபடி ஆடலாம். 'விட்சர் 3' வெளியான சில மாதங்களில், 2015 ஆகஸ்டில், இதை இலவசமாகச் சேர்த்தது. 'எல்டன் ரிங்'கில் ஒவ்வொரு சுற்றுக்கும் எதிரிகளின் பலம் கூடும். அடுத்த சுற்றுக்கு ஆயத்தமாகவே புள்ளிகளை மாற்றுகிறேன் என்று ஆட்டக்காரர் சொன்னால் மறுக்க வழி இல்லை.

சிக்கல் இதற்கு அடுத்த படியில் உள்ளது. புதுச் சுற்றில் ரென்னலா மறுபடி எதிரியாகிவிடுவாள். அவளைத் திரும்பவும் தோற்கடிக்கும் வரை மறுபங்கீடு கிடையாது. ஆகவே புதுச் சுற்றுக்குப் போகும் முன் புள்ளிகள் பிழையில்லாமல் இருந்தாக வேண்டும். பிழையில்லாமல் இருக்கின்றனவா என்பதோ புதுச் சுற்றுக்குப் போனால்தான் தெரியும். இந்த முடிச்சை அவிழ்க்கும் திறன் எந்த கேமின் திறன் மரத்திலும் இதுவரை சேர்க்கப்படவில்லை. சேர்க்கப்பட்டாலும் அதற்கு எத்தனை புள்ளி ஒதுக்குவது என்ற கேள்வி வரும்.