பூட்ஸ் இல்லாத பஞ்ச பாண்டவர்

கோலார் தங்கவயலுக்குப் பக்கத்துப் பூதிகோட்டையிலிருந்து வெளியூர் டீமுக்கு ஆடப் போன முதல் ஆள் ஹைதர் அலி. 1720-ஐ ஒட்டிய ஏதோ ஒரு வருஷத்தில் இங்கே பிறந்தார். அப்பா பத்தே முகமது சீரா நவாபின் பக்கம் நின்று சண்டை போட்டுச் செத்துப்போனார். பையன் படிக்கவில்லை, எழுதவில்லை. அண்ணனோடு போய் மைசூர்ப் படையில் சேர்ந்தார். 1749-இல் தேவனஹள்ளி முற்றுகையில் பெயர் வாங்கினார். பன்னிரண்டு வருஷம் கழித்து, 1761-இல், மைசூர் டீமுக்கு கேப்டன், கோச், மேனேஜர், பொருளாளர் எல்லாம் அவரே. மகாராஜாவுக்கு மிஞ்சியது கேலரியில் ஒரு ஸீட். குறுக்கே வந்த காண்டே ராவைக் கிளி மாதிரி வைத்துப் பார்த்துக்கொள்வதாக வாக்குக் கொடுத்தாராம். வாக்குத் தவறவில்லை. இரும்புக் கூண்டில் போட்டுப் பாலும் சோறும் கொடுத்தார். 1769-இல் சென்னைப்பட்டணத்து வாசல்வரை குதிரையில் போய், கும்பினிக்காரர்களிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு திரும்பினார். வெளியூர் மேட்சில் ஜெயிப்பதென்றால் இப்படி ஜெயிக்க வேண்டும்.

ஹைதர் போன வழியில்தான் இந்த மேட்டுப் பூமியில் எல்லோரும் போனார்கள். இங்கே பிறப்பது ஒரு வேலை, பெயர் வாங்குவது வேறு ஊர் வேலை. மண்ணுக்கடியில் இருந்த தங்கமே இங்கே தங்கவில்லையே. 1880-இல் ஜான் டெய்லர் கம்பெனி வந்து தோண்டியது. தோண்டிக் கொடுத்தது வட ஆற்காட்டிலிருந்து மூட்டை முடிச்சோடு வந்த நம் ஆட்கள். தங்கம் கப்பலேறியது, சயனைடு கழிவு மேடு மட்டும் நமக்கு. 2001 பிப்ரவரி 28-ஆம் தேதி சுரங்கத்தை இழுத்து மூடிய பிறகு மனுஷர்களே ஏற்றுமதி. விடியற்காலை மாரிக்குப்பத்தில் கிளம்பும் ரயிலில் ஏறிப் பாருங்கள், பங்காருபேட்டை தாண்டுவதற்குள் கால் வைக்க இடம் இருக்காது. பாதி தங்கவயல் பெங்களூருக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருக்கும், மீதிப் பாதி படியில் தொங்கிக்கொண்டிருக்கும்.

அந்த ரயில் போய்ச் சேருகிற பெங்களூர்தான் நம் கதையின் பந்து மைதானம். வெள்ளைக்காரச் சிப்பாய்களைக் கன்டோன்மெண்டில் குடிவைத்தார்கள். சிப்பாய்க்கு மாலை நேரத்தில் சண்டை கிடைக்காவிட்டால் பந்து வேண்டும். வேலிக்கு வெளியே நின்று வேடிக்கை பார்த்தவர்கள் தமிழ் பேசுகிறவர்களும் தக்கணி உருது பேசுகிறவர்களும். வேலி தாண்டி வந்த பந்தைத் திருப்பி உதைத்து உதைத்தே ஆட்டம் படிந்துவிட்டது. 1937-இல் பெங்களூர் முஸ்லிம்ஸ் டீம் பம்பாய்க்குப் போய் ரோவர்ஸ் கோப்பையைத் தூக்கியது. அதுவரை பட்டாளத்து டீம்களின் வீட்டுச் சொத்தாக இருந்த கோப்பை அது. அதிர்ஷ்டத்தில் ஜெயித்துவிட்டார்கள் என்று யாரும் பேசிவிடக் கூடாதே என்று 1938-இலும் போய்த் தூக்கினார்கள்.

இந்த ஊரில் 1926 டிசம்பர் 24 அன்று பிறந்தவர் அகமது கான். கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் கன்டோன்மெண்ட் ஊரில் பிறந்த முஸ்லிம் பிள்ளை, பிற்பாடு கல்கத்தாவில் இந்து அகதிகள் தோளில் தூக்கிக் கொண்டாடிய ஆள். ஒரே மனுஷனில் தேசிய ஒருமைப்பாட்டு நாடகம் முழுவதையும் நடத்திக் காட்டியவர், அதுவும் வசனம் பேசாமல். அப்பா பந்துக்காரர், கூடப் பிறந்தவர்களும் பந்துக்காரர்கள். அந்த வீட்டில் குழந்தை நடக்கப் பழகியதும் எதை உதைத்திருக்கும் என்று ஜோசியரைக் கேட்க வேண்டியதில்லை. ஆள் வாட்டசாட்டம் கிடையாது. ஆனால் பந்து காலில் ஒட்டிக்கொண்டால் பிடுங்குவதற்கு போலீஸ்தான் வர வேண்டும். பாம்பாட்டி என்று பட்டம் கொடுத்தார்கள். எதிரே வருகிற தடுப்பாட்டக்காரர் இந்தப் பக்கம் ஆடுவார், அந்தப் பக்கம் ஆடுவார், கடைசியில் பெட்டிக்குள் சுருண்டுகொள்வார்.

1948 லண்டன் ஒலிம்பிக்குக்குப் போன இந்தியக் குழுவில் பெங்களூர் வாசனை தூக்கலாக இருந்தது. கோல்கீப்பர் வரதராஜ், வஜ்ரவேலு, சாரங்கபாணி ராமன், அகமது கான். ஜூலை 31, இல்ஃபோர்டு மைதானம், எதிரே பிரான்ஸ். நம்மவர்களில் பெரும்பாலோர் வெறுங்கால். வெறுங்கால் என்றால் சும்மா இல்லை, கணுக்காலைச் சுற்றித் துணிக்கட்டு. பத்திரிகைக்காரர்களுக்குப் பாவமாக இருந்திருக்கும், ஏழை தேசம், செருப்பு வாங்கக்கூட வழியில்லை என்று. விஷயம் அதில்லை. அந்தக் காலத்துப் பந்தைக் கையில் எடுத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும். தோல் துண்டுகளைத் தைத்து, உள்ளே பிளாடர் வைத்து, வாயை லேஸ் போட்டு இறுக்கிய சமாசாரம். காய்ந்த தரையில் அது சொன்ன பேச்சைக் கேட்கும். கட்டைவிரலால் லேசாகச் சீண்டினால் திரும்பும், உள்ளங்காலால் தடவினால் நிற்கும். மழையில் நனைந்தால் மட்டும் தண்ணீர் குடித்துக் கருங்கல் ஆகிவிடும். அதைத் தலையால் முட்டும்போது லேஸ் பக்கம் நெற்றியில் பட்டால் தையல் தடம் நாலு நாளைக்கு இருக்கும்.

பிரான்ஸ் அரை மணி நேரத்தில் ஒன்று போட்டது. நமக்கு இரண்டு பெனால்டி கிடைத்தது. முதல்தரமான தமிழ் சினிமா கதாநாயகர்கள்போல இரண்டையும் தியாகம் செய்தோம். எழுபதாவது நிமிஷத்தில் ராமன் போட்ட கோல்தான் சுதந்திர இந்தியாவின் முதல் சர்வதேச கோல். அகில இந்திய ரேடியோவில் அன்றைக்கு யாராவது பூதிகோட்டை வரைக்கும் கேட்கிற மாதிரிக் கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். எண்பத்தொன்பதாவது நிமிஷத்தில் பெர்சியோன் என்கிற பிரெஞ்சுக்காரர் இன்னொன்று போட்டு நம்மை வீட்டுக்கு அனுப்பினார். பிற்பாடு மன்னர் ஆறாம் ஜார்ஜ் நம்முடைய தடுப்பாட்டக்காரர் சைலேன் மன்னாவைக் கூப்பிட்டு, பேன்ட்டைத் தூக்கச் சொல்லி, காலுக்குள் இரும்பு இருக்கிறதா என்று பார்த்தார் என்று ஒரு கதை இருக்கிறது. மன்னர் மன்னாவின் காலைப் பார்த்தாரோ இல்லையோ, எதுகை மோனைக்காகவாவது நம்பிவிடலாம்.

அந்தப் பிரெஞ்சு டீமில் ஆடியிருக்க வேண்டிய ஒருவர் ஆடாமல் போனது நம் பாட்டன் புண்ணியம். லார்பி பென்பாரெக், மொராக்கோவின் காசாபிளாங்காக்காரர். எந்த வருஷம் பிறந்தார் என்று இன்றைக்கும் சண்டை. சிலர் 1914 என்பார்கள், சிலர் 1917 என்பார்கள். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது வாத்தியார் ஜூன் ஒன்றாம் தேதி என்று எழுதிவிட்ட கோஷ்டி நம்மில் பாதிப் பேர், நமக்கு இது புதிதில்லை. அநாதை, தச்சு வேலை, தெருவில் வெறுங்கால் ஆட்டம். 1938-இல் மார்செய் டீம் கப்பலேற்றிக் கூட்டிப்போனது. அதே வருஷம் டிசம்பரில் பிரான்ஸ் சட்டையைப் போட்டுக்கொண்டு நேப்பிள்ஸில் இத்தாலிக்கு எதிராக இறங்கினார். முசோலினி காலத்துக் கூட்டம் அவர் நிறத்தைப் பார்த்து ஊளையிட்டது. அவர் பிரெஞ்சு தேசிய கீதத்தை இன்னும் சத்தமாகப் பாடினாராம். தன் நாட்டைப் பிடித்துவைத்திருக்கிறவன் பாட்டை, தன்னைத் திட்டுகிறவன் முகத்துக்கு நேரே பாடுவதற்கு நெஞ்சழுத்தம் வேண்டும்.

ஒலிம்பிக்கில் காசு வாங்கி ஆடுகிறவர்களுக்கு அன்று இடமில்லை. பென்பாரெக் காசு வாங்கி ஆடினார். வாங்குவதை வெளிப்படையாக வாங்கினார். ஆகையால் இல்ஃபோர்டில் வரதராஜ் பிழைத்தார். ராமன் கோல் போட்ட அந்த 1948-இலேயே பென்பாரெக்கை அத்லெட்டிகோ மாட்ரிட் விலைக்கு வாங்கியது. ஈபிள் கோபுரத்தை வேண்டுமானாலும் விற்றுவிடுங்கள், இவரை விற்காதீர்கள் என்று பாரிஸ் பத்திரிகைக்காரர் ஒருவர் புலம்பியதாகச் சொல்வார்கள். கோபுரம் அங்கேயே நின்றது, பென்பாரெக் ஸ்பெயினுக்குப் போய் 1950, 1951 இரண்டு வருஷமும் லீக்கை வென்று கொடுத்தார். தான் ராஜா என்றால் பென்பாரெக் கடவுள் என்று பெலே சொன்னதாக ஒரு பேச்சு உலகம் முழுக்கச் சுற்றுகிறது. அந்தக் கடவுள் 1992-இல் காசாபிளாங்காவில் தனியாகச் செத்து, சில நாள் கழித்துத்தான் அக்கம்பக்கத்தாருக்குத் தெரிந்தது. 1998-இல் ஃபிஃபா பதக்கம் கொடுத்தது. செத்து ஆறு வருஷம் ஆனவருக்கு. நம் கலைமாமணி கமிட்டிக்கே இவர்கள் பாடம் எடுக்கலாம்.

நம்மாட்கள் காசு விஷயத்தில் ரொம்பச் சுத்தம். கல்கத்தாவில் அன்றைக்கு ஆடிய எல்லோரும் அதிகாரபூர்வமாக அமெச்சூர்கள். பணம் வருகிறதா என்பது இரண்டாவது கேள்வி, வரவில்லை என்று சொல்லத் தெரிகிறதா என்பதுதான் முதல் தகுதி.

அந்தக் கல்கத்தாவுக்கு, 1949-இல், அகமது கான் போனார். கூப்பிட்டது ஈஸ்ட் பெங்கால். பிரிவினையில் வீடு வாசலை விட்டுவிட்டு ஓடிவந்த கிழக்கு வங்காளத்தாருக்கு அந்த மஞ்சள் சிவப்புச் சட்டைதான் மிச்சமிருந்த பிறந்த ஊர். அவர்கள் ஜெயித்தால் ஹில்சா மீன் விலை ஏறும், எதிர் டீம் மோகன் பகான் ஜெயித்தால் இறால் விலை ஏறும். இவ்வளவு வீராப்பான வங்காளி டீமின் முன்வரிசையைப் பாருங்கள்: வெங்கடேஷ், அப்பாராவ், தன்ராஜ், அகமது கான், சாலே. ஐந்து பேரும் தெற்கத்தியார். ஹில்சாவில் முள் எடுக்கத் தெரிந்தவர் ஒருவர்கூட இருந்திருக்க மாட்டார். பஞ்ச பாண்டவர் என்று பெயர் வைத்துவிட்டார்கள். மகாபாரதத்தில் ஐவரும் ஒரே வீட்டுப் பிள்ளைகள், இங்கே ஐவருக்கும் பொதுவாக இருந்தது ரயில்வே டைம்டேபிள்தான். ஆனால் வியாசருக்குக் கிடைக்காத ஸ்கோர் இவர்களுக்குக் கிடைத்தது. 1949-இல் கல்கத்தா லீக், ஐ.எஃப்.ஏ. ஷீல்டு, ரோவர்ஸ் கோப்பை மூன்றும். ஷீல்டு 1950-இலும் 1951-இலும் மறுபடியும். டுராண்டு கோப்பை 1951-இலும் 1952-இலும். வனவாசமே கிடையாது.

அகமது கான் பத்து வருஷம் அங்கேயே ஆடினார். 1951-இல் டெல்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டில் தங்கம் வாங்கிய டீமிலும் இருந்தார். தங்கவயலுக்குப் பக்கத்து ஊர்க்காரர் தங்கம் வாங்கியதில் என்ன ஆச்சரியம் என்று கேட்கலாம். நம் பக்கத்தில் தோண்டியவர்கள் உண்டு, வாங்கியவர்கள் குறைவு. நடுவில் 1950 உலகக் கோப்பை ஒன்று வந்து போனது. மற்ற ஆசிய நாடுகள் விலகிக்கொண்டதால் இந்தியாவுக்கு ஒரு பந்தைக்கூட உதைக்காமல் பிரேசில் போக இடம் கிடைத்தது. போகவில்லை. வெறுங்காலோடு ஆட விடவில்லை என்று ரோஷப்பட்டு மறுத்ததாக ஊரெல்லாம் கதை. ரோஷமும் இல்லை, பாஷமும் இல்லை. உலகக் கோப்பை என்றால் என்னவென்று நம் சங்கத்துப் பெரியவர்களுக்கு அன்றைக்குப் பிடிபடவில்லை. ஒலிம்பிக்தான் பெரிது, இது ஏதோ பிரேசில்காரன் வீட்டு விசேஷம் என்று நினைத்துவிட்டார்கள். மொய்கூட வைக்கவில்லை.

அகமது கான் தொண்ணூறு வயது வரை இருந்தார். 2017 ஆகஸ்ட் 27-ஆம் தேதி பெங்களூரில் காலமானார். அதே பெங்களூரில், அல்சூர் பக்கம் கௌதம்புரத்தில், பந்தாட்டப் பைத்தியம் பிடித்த ஒரு தமிழ்ப் பேட்டை இருக்கிறது. அங்கே சிலை வைத்திருக்கிறார்கள், பெலேவுக்கு.

ஹெல்சிங்கியை வேண்டுமென்றே கடைசிக்கு வைத்தேன். 1952 ஜூலை 15, யூகோஸ்லாவியாவுக்கு எதிராக ஒலிம்பிக் ஆட்டம். ஃபின்லாந்துக் குளிரில் பெங்களூர், கல்கத்தா கால்கள் வெறுமையாக இறங்கின. உள்ளங்காலுக்குப் பந்து தெரிய வேண்டும் என்கிற சித்தாந்தமெல்லாம் உள்ளங்கால் உயிரோடு இருக்கும்போது செல்லும். விறைத்துப்போன காலுக்கு எது பந்து, எது எதிராளியின் பூட்ஸ் என்று தெரியாது. அவர்கள் டீமின் ஸெபெக் ஒருவரே நாலு கோல். பத்து வாங்கினோம். அதற்குப் பிறகுதான் சங்கத்தார் விழித்துக்கொண்டு பூட்ஸ் கட்டாயம் என்றார்கள். நாலு வருஷம் கழித்து மெல்போர்ன் ஒலிம்பிக்கில் நாலாம் இடத்துக்கு வந்தோம்.

தங்கவயல் சாம்பியன் ரீஃபில் அண்டர்கிரவுண்டு வேலை பார்த்து ரிட்டையரான பெரியப்பா ஒருவரிடம் இந்தப் பத்துக்கு ஒன்று சங்கதியைச் சொன்னேன். சாக்கைத் தட்டிப்போட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருந்தவர் நிமிர்ந்தார்.

"அந்த ஒண்ணு யார்றா போட்டது?"

"அகமது கான் பெரியப்பா. எண்பத்தொன்பதாவது நிமிஷத்துல."

"அப்போ பத்து கோல் வாங்கினு இருந்திருக்கான். இன்னும் ஒரே நிமிஷம்தான் கீது. அப்பவும் போய்ப் போட்டுட்டு வந்துகிறான்."

"ஆமா பெரியப்பா."

"அப்புறம் இன்னாடா? பத்து வாங்கினது இந்தியா. ஒண்ணு போட்டது நம்ம பக்கத்து ஆளு. சரியா எழுது."