பைசாவில் கோபுரம் மட்டுமா?

வழிகாட்டியோடு ஒரு மணி நேரத்தில் பைசா தேவாலய வளாகத்தைப் பார்த்துவிட முடியுமா? சாய்ந்த கோபுரத்தை விட்டால் அங்கே வேறென்ன இருக்கிறது?

முடியும். ஆனால் கோபுரத்தோடு திரும்பினால் அது பைசா பெறாத பயணம்! அந்தக் கோபுரமே பக்கத்துப் பேராலயத்தின் மணிக்கூண்டுதான். பேராலயம் அதற்கு நூறு வருஷம் மூத்தது, 1064இல் தொடங்கியது.

நேரம் குறைவென்றால் ஞானஸ்நான மண்டபத்துக்குப் போங்கள். அவ்வப்போது பணியாளர் ஒருவர் நடுவில் நின்று ஒரு ஸ்வரம் பாடுவார். அது அடங்குமுன் அடுத்தது, அதன்மேல் இன்னொன்று. ஒற்றைக் குரல் கூரையில் மோதி, ஒரு கூட்டமே பாடுவதுபோல் இறங்கிவரும். செல்போனைப் பைக்குள் போட்டுவிட்டுக் கேளுங்கள். அங்கேயே நிக்கோலா பிசானோ 1260இல் முடித்த பளிங்குப் பிரசங்க மேடையும் இருக்கிறது. அதன் தூண்களில் சிலவற்றைச் சிங்கங்கள் முதுகில் சுமக்கின்றன.

கட்டும்போதே சாய்ந்த கோபுரம் எப்படி விழாமல் நிற்கிறது?

சண்டைகள் காப்பாற்றின! 1173இல் தொடங்கிய வேலை, பைசாவின் போர்களால் மூன்றாம் மாடியோடு நின்றது. ஏறக்குறைய நூறு வருஷம் கிடப்பில் கிடந்ததில் அடிமண் இறுகிக்கொண்டது. ஒரே மூச்சில் கட்டியிருந்தால் அன்றே சரிந்திருக்கும். 1990இல் மூடி, வடபக்க மண்ணைக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து, சாய்வைக் குறைத்து 2001இல் திறந்தார்கள்.

ஞானஸ்நான மண்டபமும் லேசாகச் சாய்ந்ததுதான்.